நாலு சபை, ஒரே இசக்கிமுத்து

சபை சபையாகப் போய்க் கீபோர்டு வாசிக்கிறவனுக்குப் பரலோகம் நிச்சயமா என்று எனக்குத் தெரியாது. ஞாயிற்றுக்கிழமை காலைச் சாப்பாடு கிடையாது என்பது மட்டும் நிச்சயம். கோவில்பட்டியில் இதுதான் என் பிழைப்பு. விடியற்காலை ஆராதனை ஒரு சபையில். ஒன்பது மணிக்கு வேறொரு சபை. அது முடிந்ததும் பைக்கில் கீபோர்டைக் குறுக்கே வைத்துக்கொண்டு எட்டயபுரம் ரோட்டில் மூன்றாவது சபைக்கு ஓட வேண்டும். சனிக்கிழமை ஆராதனை நடத்துகிறவர்களும் இருப்பதால் அந்த நாளும் போச்சு. என்னைப் போல ஸ்டாண்டும் வயரும் சுமந்து அலைகிற சகோதரர்களே, உங்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன். மற்றவர்கள் நம்ப மாட்டார்கள்.

புராட்டஸ்டண்ட் என்று வெளியே இருப்பவர்கள் ஒரே வார்த்தையில் சொல்லி முடித்துவிடுகிறார்கள். உள்ளே வந்து பார்த்தால் தெரியும். பேராயர், திருமண்டலம், சேகரம், சபை என்று மேலிருந்து கீழே அடுக்கி வைத்திருக்கும் பழைய சபையை நான் பெரிய கோயில் என்பேன். மேலிடம் என்று யாருமே கிடையாது, அங்கத்தினர்கள் கையைத் தூக்கித்தான் எல்லாம் முடிவாகும் என்று ஒரு சபை. மேடைக்கு அடியில் முழுக்கு ஞானஸ்நானத்துக்குத் தொட்டி கட்டியிருப்பதால் அது எனக்குத் தொட்டிச் சபை. ஒரே மனிதர் ஆரம்பித்து, அவரே தலைவராகவும் இருப்பது இன்னொன்று. நாலாவது, சனிக்கிழமைச் சபை. நாலிலும் ஒரே வேதப் புத்தகம்தான். நாலிலும் என் பக்கத்தில் உட்கார்ந்து ரிதம் பேடு தட்டுகிறவனும் ஒரே ஆள்தான். பெயர் இசக்கிமுத்து, ஊர் பசுவந்தனை.

உலகத் தலைமையகம்

அந்த ஒரே மனிதர் சபை டயர் கடைக்கு மேலே தகரக் கொட்டகையில் நடக்கிறது. வாசல் போர்டில் பூமி உருண்டை படம், அதன் கீழே ‘உலகத் தலைமையகம்’. நான் முதலில் போனபோது அவர் வெறும் பாஸ்டர். அடுத்த வருடம் பிஷப் ஆனார். இப்போது ‘பிரதான அப்போஸ்தலர்’. யார் பதவி கொடுத்தார்கள் என்று கேட்கக் கூடாது. சம்சாரம் பெண்கள் ஐக்கியத் தலைவி, மகன் வாலிபர் தலைவர், மருமகன் பொருளாளர். பேராயரும் தேர்தலும் வேண்டாம் என்று பிரிந்து வந்தவர் வீட்டுக்குள்ளேயே ஒரு பேராயத்தை நடத்திக்கொண்டிருக்கிறார்.

கிளைகள் மலேசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் எப்போதும்வென்றானிலும் இருப்பதாகப் போர்டில் எழுதியிருக்கும். எப்போதும்வென்றான் பக்கத்து ஊர்தான், அந்தக் கிளைக்கு நானும் இசக்கிமுத்துவும் ஒருதடவை வாசிக்கப் போனோம். ஒரு வீட்டின் முன்னறை. வீட்டுக்காரர், அவர் சம்சாரம், தன் வீட்டில் கரண்டு இல்லை என்று செல்போனைச் சார்ஜ் போட வந்திருந்த பக்கத்து வீட்டு அம்மா. சபை அவ்வளவுதான். மலேசியக் கிளை பிரதான அப்போஸ்தலருடைய கொழுந்தியா குடியிருக்கும் வீடு என்று பிறகு தெரிந்தது. சரி, ஆப்பிரிக்காவில் எத்தனை விசுவாசிகள் என்று மரியாதையாகவே கேட்டேன். அவர் என் தோளில் கையை வைத்துச் சொன்னார்:

“பிரதர், விசுவாசிகளை எண்ணக் கூடாது. கண்டங்களைத்தான் எண்ணணும்.”

நாலு தண்ணி

இசக்கிமுத்துவின் வீட்டில் யாரும் கிறிஸ்தவர் இல்லை. அப்பா மானாவாரி விவசாயி. இவன் பள்ளிக்கூடத்தில் டிரம் அடிக்கப் பழகி, பெரிய கோயில் கிறிஸ்துமஸ் நிகழ்ச்சிக்கு வந்து, பாட்டுகளில் மயங்கி அங்கேயே தங்கிவிட்டான். குருவானவர் தலையில் மூன்று கை தண்ணீர் விட்டு ஈசாக்கு என்று பெயர் வைத்தார். அப்புறம் நான் அவனைத் தொட்டிச் சபைக்குக் கூட்டிப்போனேன். “தெளிச்ச தண்ணியெல்லாம் ஞானஸ்நானம் ஆகாது” என்று தொட்டியில் முழுக்கினார்கள். உலகத் தலைமையகத்தில், தொட்டிக்காரர்கள் ‘பிதா, குமாரன், பரிசுத்த ஆவி’ என்று சொன்ன வாசகமே தப்பு, இயேசுவின் நாமத்தில் மட்டும்தான் முழுக்க வேண்டும் என்றார்கள். அந்த வருடம் கண்மாய் வறண்டு கிடந்ததால் பம்புசெட் தொட்டியில் வைத்து நடந்தது. சனிக்கிழமைச் சபையோ, ஞாயிற்றுக்கிழமைக்காரர்கள் கொடுத்தது எதுவும் செல்லாது என்று மறுபடியும் முழுக்கியது.

இவன் ஏமாற்றுக்காரன் இல்லை. ஒவ்வொரு தடவையும் உண்மையாகவே அழுதான், நான் பார்த்தேன். எங்கள் மேடையில் ஏற எங்கள் ஞானஸ்நானம் வேண்டும் என்று ஒவ்வொரு சபையும் சொன்னது, இவன் தலையைக் குனிந்தான். நாலு சபையும் அந்தந்த வருட அறிக்கையில் ‘புதிய ஆத்துமா ஒன்று’ என்று மைக்கில் வாசித்தன. நாலு இடத்திலும் நான்தான் பின்னணி வாசித்தேன். உனக்கு வெட்கமாக இல்லையா என்று நான் கேட்டதற்கு அவன் சிரித்தான்:

“அண்ணாச்சி, கரிசக்காட்டுக்காரனுக்கு வருசத்துக்கு ஒரு மழை பேஞ்சாலே பெருசு. எனக்கு நாலு பேஞ்சிருக்கு, வேண்டாம்னு சொல்லுவேனா?”

ஒரு கிண்ணமா, பல கிண்ணமா

வாத்தியமே கூடாது என்கிற ஒரு கூட்டமும் ஊரில் உண்டு. அவர்களுக்குப் பெயரும் கிடையாது, போதகரும் கிடையாது. பெயர் வைத்தால் பிரிவினை வந்துவிடுமாம். ஒரு கல்யாணப் பாட்டுக்கு ராகம் சொல்லிக்கொடுக்க என்னைக் கூப்பிட்டார்கள். கீபோர்டை வெளியே வைத்துவிட்டு வாயால் சொல்லிக்கொடுத்தேன். அதே தெருவில் எதிர்வீட்டிலும் அதே பாட்டு கேட்டது. விசாரித்தால், அவர்களும் பெயர் இல்லாதவர்கள்தான். திருவிருந்தில் திராட்சை ரசத்தை எல்லோரும் ஒரே கிண்ணத்தில் குடிப்பதா, ஆளுக்கொரு சின்னக் கிண்ணமா என்று ஆரம்பித்த பேச்சு, நடுவில் ஒரு தெருவைப் போட்டு நிற்கிறது.

அண்ணன் இந்த வீட்டில், தம்பி அந்த வீட்டில். பெயரே இல்லாமல் எப்படிப் பிரிந்தீர்கள் என்று அண்ணனிடம் கேட்டேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது:

“யாரு பிரிஞ்சா? அவிய எங்கள விட்டுப் போனாவ. அதுக்குப் பேரு பிரிவினை இல்ல தம்பி, சுத்திகரிப்பு.”

எதிரணி ஸ்கேல்

பெரிய கோயிலில் திருமண்டலத் தேர்தல் வந்தால் பஞ்சாயத்துத் தேர்தல் பிச்சை வாங்க வேண்டும். இரண்டு அணி. நோட்டீஸ், வேன், பிரியாணி, வசை எல்லாம் உண்டு. ஆனால் ஒவ்வொரு கூட்டமும் ஜெபத்தில்தான் ஆரம்பிக்கும். காலையில் ஓர் அணியின் ஜெபக் கூட்டத்துக்கு வாசித்தேன், சாயங்காலம் இன்னோர் அணிக்கு. இரண்டிலும் ‘எங்களை ஒருமைப்படுத்தும்’ என்று உருகினார்கள்.

சாயங்கால அணியின் வேட்பாளர் சாமுவேல் அண்ணாச்சி. அவருடைய தங்கச்சி மகள் மெர்சி பெரிய கோயில் பாடகர் குழுவில் பாடுகிறவள், வாரநாளில் தீப்பெட்டி ஆபீஸில் வேலை. மெர்சியைக் கொண்டு தேர்தல் பாட்டை எடுப்பாகப் பாட வைக்கலாம் என்று அவர் நினைத்திருந்தார். நான் ஸ்வரம் கொடுத்ததும் என் கையைப் பிடித்து நிறுத்தினார்:

“ஏலே ஜெயசீலா, காலையில அவனுவளுக்கு வாசிச்ச அதே ஸ்கேல்ல எங்களுக்கு வாசிக்காத. வேற எடு.”

மெர்சியின் ஒரே ஆசை

இசக்கிமுத்துவுக்கும் மெர்சிக்கும் பிடித்துப்போனது எனக்குத்தான் கடைசியாகத் தெரிந்தது. தட்டுகிறவனுக்கும் பாடுகிறவளுக்கும் நடுவில் உட்கார்ந்திருந்த மடையன் நான். அவன் அப்பாவுக்குச் சம்மதம். மெர்சியின் அம்மாவுக்கும் சம்மதம், மருமகன் தாலி கெட்டினால் போதும். மெர்சிக்கு ஒரே ஓர் ஆசை. சின்ன வயதிலிருந்து மற்றவர்கள் கல்யாணத்துக்கெல்லாம் அவள் பாடகர் மாடத்தில் மேலே நின்று பாடியிருக்கிறாள். ஒருநாளாவது கோயில் நடுவழியாக நடந்து வர வேண்டும், மேலே இருந்து வேறு யாராவது பாட வேண்டும். வேறு எதையும் அவள் கேட்கவில்லை.

நானும் இசக்கிமுத்துவும் சபை சபையாக ஏறி இறங்கினோம். தொட்டிச் சபையில், பெண்ணும் முதலில் முழுக வேண்டும் என்று கையைத் தூக்கித் தீர்மானம் போட்டார்கள். குழந்தையில் பெற்ற ஞானஸ்நானத்தை எப்படிப் பொய்யென்று சொல்லுவேன் என்று மெர்சி மறுத்துவிட்டாள். உலகத் தலைமையகத்தில் தாலி, நகை, பூ எதுவும் ஆகாது. சனிக்கிழமைச் சபையில், பெண் சனிக்கிழமை வேலைக்குப் போகக் கூடாது. தீப்பெட்டி ஆபீஸில் சனிக்கிழமைதான் சம்பள நாள், அன்றைக்கு வராதவளை முதலாளி வேலைக்கு வைத்திருப்பாரா? பெரிய கோயில் குருவானவர் நல்லவர். ஆனால் மறுபடி முழுக்கு எடுத்தவன் எங்கள் அங்கத்தினன் அல்ல, கமிட்டிதான் அனுமதி கொடுக்க வேண்டும் என்றார். கமிட்டியில் எதிரணிக்காரர்கள். பெண் சாமுவேல் அண்ணாச்சியின் தங்கச்சி மகள் என்றதும் கமிட்டி கூடவே இல்லை. மேலிடத்துக்கு எழுதினால், அங்கே தேர்தல் வழக்கு நடக்கிறது, யாரும் கையெழுத்துப் போட முடியாது என்று பதில் வந்தது.

அன்றைக்கு எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. “ஐயா, அவன் உங்க ஆளு இல்லன்னா, வருட அறிக்கையில வாசிச்சீங்களே, அந்த எண்ணிக்கையில இருந்தாவது அவனை எடுத்துருங்க” என்றேன். குருவானவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, நிஜமான வருத்தத்தோடு சொன்னார்:

“அது முடியாது தம்பி. அந்த எண்ணிக்கை திருமண்டலத்துக்குப் போயி, அங்கயிருந்து உலக ஐக்கியத்துக்கே போயிருச்சு.”

பந்தலில் நாலு ஜெபம்

கடைசியில் கல்யாணம் ரிஜிஸ்டர் ஆபீஸில் நடந்தது. சாப்பாடும் தாலியும் பசுவந்தனையில், உளுந்து பிடுங்கிய காட்டில் போட்ட பந்தலில். முதல் நாள் மழை பெய்திருந்தது. மெர்சி வெள்ளைச் சேலையில் வரப்பிலிருந்து பந்தலுக்கு நடந்து வந்தாள். நான் கீபோர்டை இன்வெர்ட்டரில் மாட்டி வாசித்தேன். மேலே நின்று பாட ஆளில்லை. பாதி வழியில் அவளே பாட ஆரம்பித்தாள். பந்தலுக்கு வந்து சேருவதற்குள் சேலைக் கரையில் கரிசல் மண் கனமாக ஒட்டிவிட்டது. நான் குனிந்துகொண்டே வாசித்தேன், நிமிர்ந்திருந்தால் அழுதிருப்பேன்.

இசக்கிமுத்துவின் அப்பா விவரம் தெரியாதவர். மகன் தண்ணீர் வாங்கிய சபை எல்லாவற்றுக்கும் தாம்பூலம் வைத்து அழைத்திருந்தார். நாலு சபைப் போதகர்களும் வந்துவிட்டார்கள். கோயிலில் கல்யாணம் செய்து வைக்க வழியில்லாதவர்களுக்குப் பந்தலில் ஜெபிக்க வழியிருந்தது. யார் முதலில் என்பதில்தான் தகராறு. பிரதான அப்போஸ்தலர், பதவியில் தானே மூத்தவர் என்றார். பெரிய கோயில்காரர், சபையில் தாங்களே மூத்தவர்கள் என்றார். தொட்டிக்காரர் ஓட்டுக்கு விடலாம் என்றார். போதகர் என்றாலே ஐயர் என்று கூப்பிடுகிற அப்பா சட்டுவத்தோடு வந்து நின்றார். “ஐயருமாரே, எங்க சாமிக்குப் பொங்க வைக்கையில கூட இவ்வளவு இழுவை கிடையாது. நாலு பேரும் ஒண்ணா ஆரம்பிங்க. சோறு ஆறுது” என்றார். நாலு பேரும் ஒரே நேரத்தில் ஜெபித்தார்கள். ஒருவர் சொன்னது இன்னொருவருக்குக் கேட்கவில்லை, அதனால் அவர்களுக்குள் கருத்து வேறுபாடும் வரவில்லை.

சாப்பிட்டு முடித்ததும் ஆளாளுக்குச் செல்போனை எடுத்து மணமக்களோடு தனித்தனியாகப் போட்டோ எடுத்துக்கொண்டார்கள். அந்த வாரம் நான் வாசித்த நாலு சபையிலும் அந்தப் போட்டோ திரையில் வந்தது. நாலிலும் ‘நம் சபையில் ஒரு புதிய குடும்பம்’ என்ற அறிவிப்பு, நாலிலும் கைத்தட்டு. நான் போய் மெர்சியிடம் சொன்னேன். வாசலில் உட்கார்ந்து அந்தச் சேலைக் கரையைப் பிரஷ் வைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தவள் தலையை நிமிர்த்தவே இல்லை:

“கெட்டி வைக்க ஒருத்தரும் வரல அண்ணாச்சி. எண்ணிட்டுப் போவ நாலு பேரும் வந்துட்டாவ.”

ஆகையால் சகோதரர்களே, உலகத்தில் நாங்கள் இத்தனை கோடிப் பேர் என்று எந்த மேடையில் யார் முழங்கினாலும், அந்த எண்ணை முதலில் இசக்கிமுத்துவால் வகுத்துவிட்டு, பிறகு கையைத் தட்டுங்கள்.