நாலஞ்சு நாள்

இரும்பு ஸ்கேலை வரிக்கு அடியில் வைத்து, பதிவெண்களை உதடசைத்துப் படித்துக்கொண்டே போகிறார். தப்பான எண் வந்தால் உதடு நின்றுவிடும். அதற்குப் பிறகுதான் சிவப்புப் பேனா எழும்.

தேர்வு முடிவுகளை அச்சிடும் அச்சகம் இது. நான் இரண்டு மொழிகளில் சொற்களைத் திருத்துகிறேன். அவர் எண்களை மட்டும். ஐம்பது வயதாகிறது. இங்கே அவருக்கு வாய்ப்பாடு என்று பெயர். மெஷின்காரர் போகிற போக்கில் இரண்டு பெரிய எண்களைச் சொல்லிப் பெருக்கச் சொல்வார். விடை வந்ததும் "தப்பு" என்பார், சும்மா. இவர் அதே விடையைத் திரும்பத் திரும்பச் சொல்வார், கண் கலங்கும்வரை.

அறுபத்தொன்று அவருக்குக் கதவடைத்த வீடு. பகா எண், வகுக்க வரும் எந்த எண்ணும் உள்ளே போக முடியாது. தொண்ணூறைக் கண்டால் ஆகாது. "பேர்ல நூறு வச்சிருக்கு, கையில பத்து குறையுது. தொள்ளாயிரம் இன்னும் மோசம், ஆயிரம்னு பீத்திக்குது. எல்லாம் ஒன்பது கத்துக்கொடுத்தது."

முதலாளி "ஒரு நிமிஷம் இரு" என்றால், அறுபதாவது நொடியில் இவர் முதலாளி அறைக்குள் போய் நிற்பார்.

தினமும் இவரைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து விடுவது இவருடைய அக்கா. போன வாரம் அக்காவை ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். போகும்போது அவள் பேசியதை, அவள் குரலிலேயே எனக்குச் சொல்லிக் காட்டினார்: "நாலஞ்சு நாள்ல வந்துடுவேன்டா." நாலா, அஞ்சா என்று இவர் விடாமல் கேட்டிருக்கிறார். அவளுக்கு மூச்சு வாங்கியிருக்கிறது. "ரெண்டும்தான்டா, விடு."

இவர் இரண்டையும் கூட்டிக்கொண்டார். "ஒன்பதாம் நாள் வர்றா," என்றார். சொல்லிவிட்டு ஸ்கேலைத் துடைத்தார். "வேற எந்த நாளாவது சொல்லியிருக்கலாம்."

ஆறாம் நாள் அக்கா இறந்துபோனாள். தம்பிக்குச் சொல்லாமலே எல்லாவற்றையும் முடித்துவிட்டார்கள். சொன்னால் மட்டும் அவனுக்குப் புரியவா போகிறது என்று அக்காவின் கணவர் முதலாளியிடம் போனில் கேட்டாராம்.

ஒன்பதாம் நாள் காலை, இவர் வாசலைப் பார்த்தபடி ஸ்கேலைத் தொடாமல் உட்கார்ந்திருந்தார். அக்காவின் கணவர்தான் வந்தார். உள்ளே வரவில்லை. கதவருகே நின்று என்னிடம், "எனக்கு வாய் வரலம்மா. நீங்களே பக்குவமா ரெண்டு வார்த்தை சொல்லிடுங்க," என்றார்.

அது இவர் காதில் விழுந்துவிட்டது. இடது கையை விரித்துப் பிடித்துக்கொண்டு என் வாயைப் பார்த்தார். நான் யோசித்து வைத்திருந்த வாக்கியங்கள் எல்லாமே நீளமானவை.

"அக்கா இறந்துட்டாங்க," என்றேன்.

ஒரு விரலை மடக்கினார். பிறகு இன்னொன்றை. மற்ற மூன்றையும் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"சரியா ரெண்டு," என்றார்.

பிறகு ஸ்கேலை வரிக்கு அடியில் வைத்தார். மிச்சமிருந்த மூன்று விரல்களால் அதை அழுத்திக்கொண்டு மாலைவரை எண்களைத் திருத்தினார். மடக்கிய இரண்டையும் விரிக்கவே இல்லை.