எட்டாவது முட்டில் தொங்கிய பஞ்சு

கப்பல் பட்டறையில் என் அப்பாவுக்குக் காதுக்காரர் என்று பெயர். வீட்டில் நாங்கள் கூப்பிட்டால் அந்தக் காதுக்காரர் திரும்ப மாட்டார். இரண்டையும் சேர்த்துச் சொன்னால் யாருக்கும் சிரிப்பு வரும். நானும் கொஞ்ச காலம் சிரித்தவள்தான். பிறகு நடந்ததை நினைத்தால் முகத்தை எங்கே கொண்டுபோய் வைத்துக்கொள்வது என்று இன்றைக்கும் எனக்குத் தெரியவில்லை.

மரக்கப்பல் கட்ட ஆரம்பித்த நாளிலிருந்தே மனிதனுக்கு ஒரு தலைவலி உண்டு. பலகைக்கும் பலகைக்கும் நடுவில் இருக்கும் இடுக்குதான் அது. பலகைகளைக் கயிற்றால் தைத்துக் கடலில் விட்டவர்கள் இருந்தார்கள், மர ஆணி அடித்தவர்கள் இருந்தார்கள், அப்புறம் இரும்பு ஆணி வந்தது. பாய்மரம் ஒன்று இரண்டாகி, மூன்றாகி, கப்பல் பெருத்துக்கொண்டே போனது. இடுக்கு மட்டும் போகவில்லை. எவ்வளவு கெட்டிக்காரத் தச்சன் இழைத்துச் சேர்த்தாலும் தண்ணீர் தனக்கு ஒரு வழி கண்டுபிடித்துவிடும். அதை அடைக்கும் வேலைக்குக் கலப்பத்து என்று பெயர். எண்ணெயில் ஊறிய பஞ்சுத் திரியை இடுக்கில் வைத்து, மழுங்கிய உளியால் அழுத்தி, கொட்டாப்புளி என்கிற மரச் சுத்தியலால் அடித்து அடித்து இறுக்க வேண்டும். தச்சர்களுக்கு இந்த வேலைக்காரர்கள் மேல் கொஞ்சம் இளக்காரம்தான். "கப்பலுக்குக் காதுல பஞ்சு வைக்கிற கூட்டம் வருது" என்று கிண்டல் செய்வார்கள்.

அந்தக் கூட்டத்துக்கு என் அப்பா தலை. திரி இறுகிய பிறகு, மேலே குங்கிலியப் பிசின் பூசுவதற்கு முன்னால், அப்பா ஒரு சின்னக் கொட்டாப்புளியை எடுத்துக்கொண்டு இடுக்கு இடுக்காகத் தட்டிக்கொண்டே போவார். நன்றாக இறுகியிருந்தால் 'ணங்' என்று கேட்கும். உள்ளே தொளதொளவென்று இருந்தால் 'பொத்' என்று கேட்கும். பொத் என்று கேட்ட இடத்தில் சுண்ணக்கட்டியால் ஒரு பெருக்கல் குறி போடுவார். அதற்கு மேல் பேச்சே கிடையாது.

கப்பல் சாயாமல் இருக்க இரண்டு பக்கமும் மரத்தூண்களை முட்டுக் கொடுத்து நிறுத்தியிருப்பார்கள். ஒரு முட்டுக்கும் அடுத்த முட்டுக்கும் இடையில் உள்ள பாகம் ஒரு ஆளுடையது. குறி விழுந்துவிட்டால் அந்த ஆள் தன் கையாலேயே கொக்கியை விட்டுத் திரியைப் பிடுங்கி எடுத்துத் தன் முட்டிலேயே தொங்கவிட வேண்டும். கப்பல் தண்ணீரில் இறங்கும் நாள் வரைக்கும் அது அங்கேயே தொங்கும். போகிறவன் வருகிறவன் எல்லாம் பார்ப்பான். பட்டறையில் யாரும் யாரையும் அடிப்பது கிடையாது, திட்டுவதுகூடக் கிடையாது. அந்தப் பஞ்சு போதும்.

நான் அதே பட்டறையில் பஞ்சுக் கொட்டகையில் வேலை பார்த்தேன். பெண்கள் ஏழு பேர் உட்கார்ந்து பஞ்சைத் திரித்துத் திரியாக்கி எண்ணெயில் போடுவோம். என் அம்மாவின் தம்பி, என் மாமா, எட்டாவது முட்டில் கலப்பத்து வேலை. நாற்பது பேர் சேர்ந்து அடிக்கும் சத்தத்தில் எங்களுக்கே காது அடைத்துப்போகும். இருபத்தைந்து வருஷம் அதற்கு நடுவிலேயே நின்ற மனிதரின் காது என்ன ஆகும்? கொஞ்சம் கொஞ்சமாகப் போய்விட்டது. முதலில் கவனித்தவள் அம்மா.

"கதவத் தட்டுனா கேக்காது மனுஷனுக்கு, கப்பலத் தட்டுனா மட்டும் கேட்டுருமா?" என்று என்னிடம் முணுமுணுத்தாள். அப்புறம் அவளே என் கையைப் பிடித்துக்கொண்டு, "வெளிய மூச்சு விட்டுராதடி. அந்தப் பேரு ஒண்ணுதான் அவருக்கு இருக்கு" என்றாள். நானும் மூச்சு விடவில்லை.

காது போன பிறகும் அப்பாவின் தீர்ப்பு பெரும்பாலும் சரியாகவே இருந்ததுதான் எனக்குப் புரியாத புதிராக இருந்தது. ஒரு நாள் திரிக் கூடையைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போனபோது கண்டுபிடித்துவிட்டேன். அப்பா இடுக்கைத் தட்டுவார். தட்டிய கையோடு, அந்தப் பாகத்துக்காரனின் முகத்தைப் பார்ப்பார். அரைகுறையாக வேலை பார்த்தவன் முகம் அந்த நொடியில் காட்டிக்கொடுத்துவிடும். எச்சில் விழுங்குவான், கண்ணைத் தாழ்த்துவான். அப்பா குறி போட்டுவிடுவார். எவ்வளவு சாமர்த்தியம் என்று நான் பெருமைப்பட்டேன். பெருமைப்பட்டதை இப்போது சொல்லவே கூசுகிறது.

மூன்று பாய்மரக் கப்பல் ஒன்றைக் கட்டிக்கொண்டிருந்த சமயம் அது. அதன் உரிமையாளரான கப்பல்காரர் அடுத்து இன்னொன்றும் இதே பட்டறையில் கட்டப்போவதாகச் சொல்லியிருந்தார். அதற்குக் கலப்பத்துத் தலைமை மாமாவுக்குத்தான், தட்டிப் பார்ப்பது மட்டும் அப்பா என்று பெரிய மேஸ்திரியும் வாக்குக் கொடுத்திருந்தார். மாமா அதற்காகப் பத்து வருஷம் காத்திருந்தவர். கப்பல்காரர் காதுக்காரரின் பெயரைக் கேள்விப்பட்டு, தட்டிப் பார்க்கும் நாளில் தானும் வந்து நின்றார். அப்பா சலவைச் சட்டை போட்டுக்கொண்டு வந்தார்.

ஒன்று முதல் ஏழு வரை ஒரு குறையும் இல்லை. எட்டாவது முட்டில் அப்பா தட்டினார். பத்தடி தள்ளிக் கூடையோடு நின்ற எனக்கே ணங் என்று கேட்டது. வெண்கலத்தில் தட்டியது மாதிரி. அப்பா நிமிர்ந்து மாமாவின் முகத்தைப் பார்த்தார். மாமாவின் முகம் வெளிறிப் போயிருந்தது. உதடு காய்ந்து, கண் அங்கும் இங்கும் ஓடியது. அப்பா இன்னொரு முறை தட்டினார். மறுபடியும் ணங். மறுபடியும் முகத்தைப் பார்த்தார். குறி போட்டார்.

"பிரிச்சு எடு, மாப்ளே" என்றார், ஊருக்கே கேட்கிற மாதிரி.

மாமா அப்பாவைப் பார்த்தார். அப்புறம் என்னைப் பார்த்தார். எனக்குக் கேட்டிருக்கும் என்று அவருக்குத் தெரியும். நான் கூடைக்குள் எதையோ தேடுகிற மாதிரி குனிந்துகொண்டேன்.

"சரி, மச்சான்" என்றார் மாமா.

"சொந்த மச்சினனையே விடல பாருங்க!" என்று கப்பல்காரர் அப்பாவின் முதுகில் தட்டினார். பெரிய மேஸ்திரி கழுத்தைச் சொறிந்துகொண்டு வானத்தைப் பார்த்தார். பதினாறு முழத் திரி. கொக்கிக்கு வரவே மாட்டேன் என்று அடம்பிடித்தது. மாமா காலைப் பலகையில் ஊன்றிக்கொண்டு, நரம்பு புடைக்க இழுத்து இழுத்து எடுத்தார். கெட்டியாக இறுகிய திரி கயிறு மாதிரி வந்தது. தொளதொளத்த திரி அப்படி வராது என்று அங்கே நின்ற அத்தனை பேருக்கும் தெரியும். அதை எட்டாவது முட்டில் தொங்கவிட்டு, மாமா புதுத் திரிக்காக என் கூடையிடம் வந்தார். நான் எண்ணிக் கொடுத்தேன். அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

வீட்டில் அம்மா மூன்று நாள் அப்பாவோடு பேசவில்லை. "வேலைன்னா வேலைதான். தம்பின்னு பாக்க முடியுமா?" என்றார் அப்பா, யாரும் கேட்காமலே. கேட்டாலும் அவருக்குக் கேட்டிருக்காது.

ஒரு மாதம் கழித்துக் கப்பலின் வயிற்றுக்குள் தண்ணீர் நிரப்பி வெளியே கசிகிறதா என்று பார்த்தார்கள். ஒரு சொட்டுகூட இல்லை. "என் காது பொய் சொல்லாது" என்று அப்பா சொல்லிக்கொண்டே சுற்றி வந்தார். எனக்குத் தாங்கவில்லை. பாயும் கயிறும் அடுக்கியிருந்த கொட்டகைக்குப் பின்னால் மாமாவைப் பிடித்துக்கொண்டேன்.

"மாமா, அன்னிக்கு எனக்குக் கேட்டுச்சு. நல்லாதான் கேட்டுச்சு. ஏன் ஒரு வார்த்த பேசாம பிடுங்குனீங்க?"

மாமா சிரித்தார். "பேசுனா என்ன ஆகும்? உங்கப்பாவுக்குக் காது கேக்கலன்னு கப்பல்காரருக்குத் தெரிஞ்சு போகும்."

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"பட்டறையில தெரியாதது யாருக்கு? ரெண்டு வருஷமா தெரியும். அவரு தட்டிட்டுப் போன மறுநா காலையில மேஸ்திரியும் நானும் சீக்கிரமா வந்து எல்லாத்தையும் இன்னொரு தடவ தட்டிடுவோம். அதான் எந்தக் கப்பலும் ஒழுகல."

அப்பாவின் சாமர்த்தியம் என்று நான் நினைத்ததெல்லாம் இவர்கள் இரண்டு பேரின் விடியற்காலை. "அப்போ உங்க மூஞ்சி ஏன் அப்படி வெளுத்துப் போச்சு?" என்று கேட்டேன்.

"பயந்தான். பெரிய மனுஷன் முன்னால மச்சான் மாட்டிக்குவாரோன்னு. அவரு மூஞ்சியப் பாத்துதான் சொல்றாருன்னு தெரியும், சிரிச்ச மூஞ்சியா வச்சுக்கணும்னு நெனச்சேன். வரல. எனக்கு நடிக்க வராதுன்னு உனக்குத்தான் தெரியுமே."

கப்பலை இறக்கும் நாள் வந்தது. பாய்மரங்களில் புதுக் கயிறு, அடியில் கொழுப்புத் தடவிய சறுக்குக் கட்டைகள், முட்டுகளைத் தட்டிவிடச் சம்மட்டியோடு ஆட்கள். கப்பல்காரர் அப்பாவைப் பக்கத்தில் அழைத்து நிறுத்திக்கொண்டார். நான் இரண்டடி பின்னால் நின்றேன். எட்டாவது முட்டில் பஞ்சு கறுத்துப்போய் இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. கப்பல்காரர் அதைக் கையால் காட்டிச் சிரித்துக்கொண்டே கேட்டார்:

"மேஸ்திரி அடுத்த கப்பலுக்கு அந்த ஆளத் தலைமையாப் போடணுங்கிறாரு. நீங்க சொல்லுங்க. அவன் வேண்டாம், வேலைய விட்டே அனுப்பிடலாம், சரிதானே?"

அப்பா அந்தச் சிரித்த முகத்தைப் பார்த்தார். தானும் சிரித்தார். தலையை ஆட்டினார்.

நன்றாக, மூன்று தரம் ஆட்டினார். கப்பல்காரர் மேஸ்திரி பக்கம் திரும்பிவிட்டார். மாமா முட்டுப் பக்கத்தில் சம்மட்டியோடு நின்றுகொண்டிருந்தார். கேட்டிருக்க வேண்டும். அப்போதும் வாயைத் திறக்கவில்லை.

"அவருக்குக் காது கேக்காது!" என்று நான் கத்தினேன். என் குரல் எனக்கே கோரமாக இருந்தது. "எங்கப்பாவுக்கு ரெண்டு வருஷமா காது கேக்காது! நீங்க கேட்டது அவருக்குப் புரியல! மாமா வேலையில ஒரு குத்தமும் இல்ல!"

குறி விழுந்த நாளிலேயே பத்தடி தள்ளி நின்று மெதுவாகச் சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். அன்றைக்கு வாயை மூடிக்கொண்டிருந்து, இன்றைக்கு அத்தனை கூட்டத்துக்கு நடுவில் பெற்ற தகப்பனின் மானத்தை வாங்கினேன். நான் கத்தியதும் அப்பாவுக்குக் கேட்கவில்லை. சிரித்துக்கொண்டேதான் இருந்தார். அப்புறம் ஒவ்வொரு முகமாகத் தன் பக்கம் திரும்புவதைப் பார்த்தார். முகம் படிக்கத் தெரிந்தவர். சிரிப்பு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. கடைசியில் என் முகத்தைப் பார்த்தார். அதில் எல்லாம் எழுதியிருந்தது.

கப்பல் இறங்கியது. கைதட்டினார்கள். எட்டாவது முட்டு விழுந்து, பஞ்சு சேற்றில் மிதிபட்டது. அதைக் குனிந்து எடுத்தவர் அப்பா. சட்டைப் பையில் திணித்துக்கொண்டு யாரோடும் சேராமல் வீட்டுக்கு நடந்தார்.

வீட்டில் அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "மாப்ளைக்குத் தெரியுமா?"

பதில் சொல்ல வேண்டுமானால் தெருவுக்கே கேட்கும்படி கத்த வேண்டும். அன்றைக்கு அதற்கு மேல் கத்த என்னால் ஆகாது. அவருடைய சுண்ணக்கட்டியையே எடுத்துக் கதவின் உள்பக்கத்தில் எழுதினேன்: 'முதலிலிருந்தே தெரியும். அன்று மாமா பயந்தது உங்களுக்காக. அந்த முகம் அதனால்தான்.'

அப்பா எழுத்துக்கூட்டிப் படித்தார். இரண்டாம் தரமும் படித்தார். அம்மா பார்ப்பதற்குள் உள்ளங்கையால் அழித்தார். கை வெள்ளையாகிவிட்டது, கழுவவில்லை.

அடுத்த கப்பலுக்கு மாமாதான் தலைமை. தட்டிப் பார்ப்பதும் அவரே. மேஸ்திரி எவ்வளவோ சொல்லியும் கேட்காமல், அப்பா பஞ்சுக் கொட்டகைக்கு வந்து எங்கள் ஏழு பேரோடு எட்டாவதாக உட்கார்ந்துவிட்டார். முதல் நாள் அவர் திரித்த திரி பாதியில் பிரிந்தது. யாரும் சிரிக்கவில்லை. அது இன்னும் மோசமாக இருந்தது.

அன்று மத்தியானம் திரி எடுக்க மாமா வந்தார். தன் வாழ்நாளில் பெண்டாட்டியின் தம்பிக்காக ஒரு நாளும் எழுந்திராத மனிதர், மடியில் இருந்த பஞ்சு சிதற எழுந்து நின்றார்.

"ஐயையோ, உக்காருங்க மச்சான்" என்றார் மாமா பதறிப்போய். "நமக்குள்ள என்ன? உக்காருங்க."

அப்பா நின்றுகொண்டே இருந்தார். மாமா இன்னும் இரண்டு தரம் சொன்னார். நிமிர்ந்து மாமாவின் முகத்தைப் பார்த்திருந்தால் அவருக்குப் புரிந்திருக்கும். அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.