பிலிம் இல்லாத காமிரா போட்ட சோறு

டாக்குமெண்டரி எடுக்க வரும் பிள்ளைகள் என்னிடம் முதலில் லென்ஸைப் பற்றித்தான் கேட்கிறார்கள். நான் உத்திரமேரூர் பக்கம் பிலிம் தீர்ந்துபோன கதையைச் சொல்வேன்.

அறுபதுகளின் தொடக்கம். செய்திப்படம் எடுக்கும் ஆபீசில் நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. "நடமாட முடியாத வயசானவங்களை வீட்ல வருஷக்கணக்கா எப்படிப் பாத்துக்கறாங்கன்னு எடுத்துட்டு வாய்யா. அழுமூஞ்சிப் படமா இருக்கக்கூடாது" என்றார் மேலதிகாரி.

பெருநகர் என்ற ஊருக்குப் போகும் பஸ்ஸிலிருந்து வழியில் ஒரு கிராமத்தில் இறங்கி விசாரித்ததில் முனுசாமி கிடைத்தார். இடுப்பு விழுந்து பல வருஷமாகக் கட்டிலில் இருந்தவர். ஒரு மாதம் பெரிய மகன் கோதண்டம் வீடு, மறு மாதம் எதிர்வீட்டில் சின்னவன் ஏழுமலை. முப்பத்தோராம் தேதி மட்டும் யார் முறை என்று தீராத தகராறு. அன்றைக்கு இரண்டு வீட்டிலும் அவருக்குச் சோறு கிடையாது.

நான் போனது முறை மாறும் நாள். இருவரும் அவரைக் கட்டிலோடு தூக்கித் தெருவைக் கடந்துகொண்டிருந்தார்கள். காமிராவைப் பார்த்ததும் கட்டில் நடுத்தெருவில் நின்றது.

"இந்த மாசமும் நைனா எங்கூட்லதான் கீறாரு" என்றான் கோதண்டம்.

"உன் மொற முடிஞ்சிபோச்சி, வுடு கட்டில" என்று ஏழுமலை இழுத்தான்.

"கீய போட்றாதீங்கடா!" என்று மேலேயிருந்து முனுசாமி அலறினார்.

கடைசியில் சமாதானம் ஆயிற்று. இங்கே எடுப்பதை அங்கேயும் எடுக்க வேண்டும். கஞ்சி ஊட்டுவது, முதுகு தேய்ப்பது, கால் பிடிப்பது எல்லாம் இரண்டிரண்டு தரம். மத்தியானத்துக்குள் பிலிம் காலி. மெட்ராஸிலிருந்து வந்தால்தான் உண்டு. கதாநாயகன் என்ற மரியாதைக்கு முனுசாமியிடம் முதலில் சொன்னேன்.

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். "அவனுங்க கிட்ட சொல்லாத சார். இன்னிக்கித்தான் எண்ண தேச்சி வுட்டானுங்க. ராவுக்கு முட்ட வேற வருதாம்."

எனக்குச் சிரிப்பு வந்தது. பிலிம் வரும்வரை வெறும் காமிராவுக்குச் சாவி கொடுத்துக்கொண்டிருந்தேன். கர்ர் என்று சத்தம் வந்தால் போதும், கோதண்டம் விசிறியோடு ஓடிவருவான், ஏழுமலை வெந்நீரோடு வருவான். முனுசாமியே டைரக்டர் ஆகிவிட்டார். "சார், கறிக்கொயம்பு வாசன வருது. சாவி குடு!"

பிலிம் வந்து, படத்தை முடித்துக் கிளம்பும்போது அவர் முகம் வாடிவிட்டது. "அந்த மூணு கால் ஸ்டாண்டையாவது வுட்டுட்டுப் போயேன்" என்றார். கால் ஆடுகிற பழைய ஸ்டாண்டு ஒன்று இருந்தது. அதன்மேல் பிலிம் வந்த காலிப் பெட்டியைக் காமிரா மாதிரி வைத்துக் கறுப்புத் துணி போர்த்தினேன். "இன்னும் ஷூட்டிங் பாக்கி இருக்கு" என்று மகன்களிடம் சொன்னேன். ஸ்டாண்டு எங்கே என்று ஆபீசில் கேட்டார்கள். வேலையில் இருக்கிறது என்றேன்.

சில மாதம் கழித்து அந்தப் பக்கம் போனேன். முனுசாமிக்குக் கன்னத்தில் சதை போட்டிருந்தது. இரண்டு மருமகள்களும் தலையை ஒதுக்கிக்கொண்டு, பெட்டியைப் பார்த்தபடி ஆளுக்கொரு இலை போட்டார்கள்.

"இன்னிக்கி முப்பத்தொண்ணு, சார்" என்று கண்ணடித்தார் முனுசாமி.

சிரித்துக்கொண்டே வெளியே வந்தேன். தெருவில் ஏழெட்டுக் கிழங்கள் கோலை ஊன்றிக் காத்திருந்தன. முன்னால் நின்றவர் என் சட்டையைப் பிடித்தார்.

"எங்கூட்டுக்கும் ஒரு பொட்டி வெய்யி சார். பிலிம் வாணாம்."

என்னிடம் வேறு பெட்டி இல்லை. அதனால்தான் சொல்கிறேன் பிள்ளைகளே, பிலிம் தீர்ந்தவுடன் காமிராவை மூடிவிடாதீர்கள்.