ஆபத்தில்லாத கடன்காரர்

எண்பதுகளின் கடைசியில் எங்கள் வங்கிக் கிளையில் இருந்த மேனேஜர் தங்கமான மனிதர். கடன் வேண்டாம் என்று சொன்னால் அவர் முகம் வாடிவிடும். நல்லூரில் என் பனியன் பட்டறைக்கு வந்து டீயை உறிஞ்சிக்கொண்டே, "இன்னொரு மெஷின் போடுங்க, நான் இருக்கேன்ல" என்பார். மூன்று நிட்டிங் மெஷினோடு நிம்மதியாக இருந்த நான் நான்காவதை வாங்கியது அவர் மனம் நோகக் கூடாதே என்றுதான்.

யாராவது வட்டி கட்டாவிட்டால் அவர் கோபப்படவே மாட்டார். கட்டாத வட்டியைக் கடனோடு சேர்த்து எழுதி, அதையே கிளைக்கு வந்த வருமானம் என்று மேலிடத்துக்குக் காட்டிவிடுவார். எவ்வளவு வசூலாகவில்லையோ அவ்வளவு லாபம். இப்படி ஒரு தொழில் இருப்பது முன்பே தெரிந்திருந்தால் நான் ஏன் பஞ்சுத் தூசியில் நின்று இருமிக்கொண்டிருக்கப் போகிறேன்? அவருக்குப் பதவி உயர்வு வந்தது. மாலை போட்டு அனுப்பி வைத்தோம்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வங்கிகளுக்குப் புது விதிகள் வந்தன. கூடவே எங்களுக்கு ஒரு புது மேனேஜரும் வந்தார். தஞ்சாவூர்ப் பக்கத்துக்காரர். சிரிப்பதென்றாலும் சுற்றறிக்கை வரட்டும் என்று காத்திருக்கிற முகம்.

அந்தச் சமயத்தில்தான் எனக்கு மாநில அரசுத் துறை ஒன்றிலிருந்து பெரிய ஆர்டர் கிடைத்தது. விடுதிப் பிள்ளைகளுக்கு பனியன். "கவருமெண்டுப் பணம் எங்கீங்க போயிரும்?" என்று கேட்காத ஆள் இல்லை. அவர்கள் கேட்டது சரிதான். அது எங்கேயும் போகவில்லை, இருந்த இடத்திலேயே இருந்தது. சரக்கு போய்ச் சேர்ந்து, பிள்ளைகள் போட்டுக் கிழித்து, அடுத்த வகுப்புக்கும் போய்விட்டார்கள். நான் மட்டும் கோயமுத்தூர் ஆபீசுக்கு பஸ் ஏறி இறங்கிக்கொண்டிருந்தேன். "ஃபண்டு வரலீங்க" என்று அங்கே இருந்தவர் ஒவ்வொரு முறையும் மிகுந்த மரியாதையோடு சொன்னார். உட்காரச் சொல்லி நாற்காலியும் போட்டார். நாற்காலிக்கு ஃபண்டு இருந்தது.

கையில் காசு சுழலாமல் வங்கி வட்டி நின்றுபோனது. ஒருநாள் மேனேஜர் கூப்பிட்டு அனுப்பினார்.

"உங்க கணக்கு வாராக்கடன் ஆயிடுச்சு சார்."

"நாந்தான் வந்து உக்காந்திருக்கேனுங்களே."

அவர் சிரிக்கவில்லை. விதிகளைச் சொன்னார். இனிமேல் வராத வட்டியை வருமானமாகக் காட்ட முடியாது. நின்றுபோன கடனைத் தரம் குறைந்தது, சந்தேகத்துக்குரியது, நட்டம் என்று பிரிக்க வேண்டும். அதோடு, கொடுக்கிற கடனுக்கு வங்கியும் சொந்த முதல் வைத்திருக்க வேண்டும். என்னைப் போன்றவர்களுக்கு நூறு ரூபாய் கொடுத்தால் எட்டு ரூபாய்.

"எட்டுத்தானுங்களா? மெஷின் வாங்கறப்ப எங்கிட்ட கால் பங்கு சொந்தப் பணம் கேட்டீங்களே."

"அது உங்களுக்கான விதி."

"சரிங்க. அரசாங்கத்துக்குக் கடன் கொடுத்தா எவ்வளவு முதலுங்க?"

"அதுக்கு முதலே தேவையில்ல. அரசாங்கப் பத்திரத்துல ஆபத்து பூஜ்யம்."

சட்டைப் பையிலிருந்து பனியன் பில்லை எடுத்து மேசைமேல் வைத்தேன். "அந்தப் பூஜ்யந்தானுங்க எனக்குப் பணம் தரோணும். அது தந்தா இப்பவே உங்களுக்குக் கட்டிப்போடறேன்."

அவர் பில்லை எடுத்து நிதானமாகப் படித்தார். மனிதர் உள்ளுக்குள் இளகுகிறார் என்றுகூட நினைத்தேன்.

"சார், இது பத்திரம் இல்ல. பில்," என்று திருப்பிக் கொடுத்தார்.

இரண்டே நாளில் விஷயம் ஊருக்குள் பரவியது. எனக்குப் பல வருஷமாக நூல் கொடுத்துக்கொண்டிருந்த பாய் வீடு தேடி வந்தார். பில்லும் போடாமல், கையெழுத்தும் கேட்காமல் மூட்டை மூட்டையாக அனுப்பியவர். காப்பியைக் குடித்து முடித்துவிட்டு, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"அண்ணா, உங்கள நான் நம்பறேனுங்க. ஆனா பேங்க்கே நம்பலைங்கறாங்க. இனி நூலுக்குக் கைக்காசு கொடுத்துருங்க."

அவர்மேல் தப்பில்லை. ஆபத்து இருக்கிறது என்று வங்கி சொல்லும்வரை எனக்கு ஆபத்து எதுவும் வந்திருக்கவில்லை. சொன்ன பிறகு ஒழுங்காக வந்து சேர்ந்துவிட்டது.

நூல் இல்லாமல் மெஷின்கள் நின்றன. வேறு வழியில்லாமல் நான்காவது மெஷினைப் பெருமாநல்லூர் எக்ஸ்போர்ட்காரர் ஒருவருக்கு வந்த விலைக்குக் கொடுத்தேன். அதை லாரியில் ஏற்றிய அன்று என் மனைவி பட்டறைப் பக்கமே வரவில்லை. மெஷின் போன இடத்தில் எண்ணெய்க் கறையும் நான்கு ஆணித் துளைகளும் இருந்தன. அதன் ஓரமாகவே சுற்றிச் சுற்றி நடந்துகொண்டிருந்தேன். மூன்று மெஷினோடு நிம்மதியாக இருந்தவன்தான் நான். ஆனால் நாலில் ஒன்று போன மூன்றும், முன்பிருந்த மூன்றும் ஒன்றல்ல என்று அன்றுதான் தெரிந்தது.

மறுநாள் நிலுவை வட்டி முழுவதையும் கட்டினேன். அந்த வாரமே பட்டறை வாசலில் ஒரு ஸ்கூட்டர் வந்து நின்றது. மேனேஜர். டீ வரவழைத்தோம்.

"உங்க கணக்கு இப்ப தரமான கணக்கு சார்," என்றார். ஆணித் துளைகளைப் பார்த்தார். "இங்க இடம் சும்மா கிடக்கு போல. ஒரு மெஷின் போடலாமே. சிறுதொழிலுக்கு இவ்வளவு கொடுத்தாகணும்னு மேலிடத்துல கேக்கறாங்க."

"உங்களுக்கு முதலு வேணும்னீங்களே?"

"மத்திய அரசாங்கம் எங்க வங்கிக்கு முதல் போட்டிருக்கு."

"ஃபண்டு வந்துருச்சுங்களா?"

"பணமா இல்ல. பத்திரமா. எங்களுக்கு முதல்னு கணக்குல பணம் வந்துச்சு; அதை வெச்சு அந்த அரசாங்கத்தோட பத்திரத்தையே வாங்கிட்டோம்."

நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். அரசாங்கம் ஒரு கையால் கொடுத்ததை மறு கையால் வாங்கிக்கொண்டு கடன்பட்டிருக்கிறது. அதனால் வங்கி பலமாகிவிட்டது. பனியன் பில்லையும் இப்படி ஏதாவது செய்ய முடியுமா என்று கேட்டேன். "அது வேற அரசாங்கம் சார்," என்றார். அன்றைக்குத்தான் முதல்முறையாக அவர் சிரித்ததைப் பார்த்தேன்.

கடனை வாங்கினேன். பெருமாநல்லூர்க்காரரிடம் போய் என் மெஷினையே கேட்டேன். "உங்களுக்கில்லாததுங்களா" என்று அன்போடு சொல்லி, விற்றதைவிடக் கூடுதல் விலையைச் சொன்னார். எதற்குக் கூடுதல் என்று கேட்டதற்கு, மெஷினைச் சுத்தம் செய்து எண்ணெய் விட்டிருப்பதாகச் சொன்னார். கொடுத்துவிட்டு ஏற்றிக்கொண்டு வந்தேன். அடுத்த வாரமே பாயும் பழையபடி நூல் அனுப்ப ஆரம்பித்தார்.

அரசுத் துறையின் செக் அதற்கும் வெகு நாட்கள் கழித்து வந்தது. ஒரு பைசா வட்டி கிடையாது. அதை நான் எதிர்பார்க்கவும் இல்லை. ஆனால் தொகையில் கொஞ்சம் குறைந்தது. கூட வந்திருந்த காகிதத்தை மனைவியிடம் கொடுத்துப் படிக்கச் சொன்னேன்.

"ஏனுங்க, தாமதத்துக்கு அபராதம் புடிச்சிருக்கறாங்க."

"அவங்களுக்கு அவங்களே போட்டுக்கிட்டாங்களா?"

"இல்லீங்க. நாம கடைசி லோடு ஒரு வாரம் லேட்டா அனுப்புனோமாமுங்க."

சொல்லிவிட்டு அவள் சிரிக்க ஆரம்பித்தாள். சேலைத் தலைப்பை வாயில் வைத்து அடக்கிப் பார்த்தும் நிற்கவில்லை. மெஷின் ஓட்டுகிறவர்கள் என்னவோ ஏதோவென்று ஓடி வந்தார்கள். நான் செக்கை எடுத்துக்கொண்டு வங்கி மூடுவதற்குள் போய்ச் சேர சைக்கிளை மிதித்தேன்.