பச்சை வட்டத்துக்குள் எங்கள் ஊர்

திருப்பதிக்கு வெளியே, புறவழிச் சாலையை ஒட்டி, காலத்தை ஆராய்வதற்கென்றே ஒரு கழகம் இருக்கிறது. எனக்கு அங்கேதான் வேலை. ஆட்டோக்காரர்கள் அதை ‘டைம் ஆபீஸ்’ என்பார்கள். ஏதோ கம்பெனியின் அலுவலகம் என்று நினைத்து, ஸ்ரீசிட்டி தொழிற்பேட்டையில் வேலை தேடுகிறவர்கள் சர்டிபிகேட்டோடு வாசலில் வந்து நிற்பதும் உண்டு. நாங்கள் காலத்துக்கு வரைபடம் போடுகிறவர்கள். ஓர் ஊர் எத்தனை கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது என்பது எங்களுக்கு முக்கியமில்லை, போய்ச்சேர எவ்வளவு நேரம் என்பதுதான். நேரம் குறைவென்றால் ஊர் பச்சை, அதிகமென்றால் சிவப்பு. மலைமேல் சாமி பார்க்கக் கியூவில் நிற்பவர்களின் நேரத்துக்கு மட்டும் தனி அறையே உண்டு. சுவர் முழுக்கப் படம். வருகிறவர்கள் அதன் முன்னால் நின்று செல்பி எடுத்துக்கொள்வார்கள்.

எங்கள் ஊர் சித்தூர்ப் பக்கம், குடிபாலாவைத் தாண்டி, தமிழ்நாட்டு எல்லையை முட்டிக்கொண்டு இருக்கிறது. நைனா, அதாவது என் அப்பா, மாந்தோப்புகளில் கூலிக்குப் போனவர். இரண்டு கிட்னியும் கெட்டுப்போய், திங்களும் வியாழனும் டயாலிசிஸ். இலவசமாகச் செய்துகொள்ளத் திருப்பதியில்தான் இடம் கிடைத்தது. ஊரிலிருந்து ஷேர் ஆட்டோ, பிறகு சித்தூர் பஸ் ஸ்டாண்டு, அங்கே திருப்பதி பஸ்ஸுக்கு உட்கார்ந்துகொண்டே இருப்பது. திரும்பி வரும்போதும் அதே பாடு, அதுவும் உடம்பில் தெம்பே இல்லாமல். நான் இருந்தது லேடீஸ் ஹாஸ்டலில். அவரை என்னோடு வைத்துக்கொள்ள வழியில்லை.

அந்தச் சமயத்தில்தான் கழகத்துக்குப் புது வேலை வந்தது. எந்தெந்த ஊர்ப் பக்கம் டயாலிசிஸ் மெஷின் வைப்பது என்று முடிவுசெய்ய, அதிகாரிகள் எங்களிடம் வரைபடம் கேட்டார்கள். சிவப்பு ஊர்களுக்குப் பக்கத்தில் மெஷின் வரும். நம் ஊர் சிவப்பில்தான் விழும் என்று போனில் நைனாவிடம் சொல்லியும் விட்டேன்.

ஆனால் நேரத்தை அளந்தது கழகத்தின் காரில். தலைவர் சென்னைக்காரர், என்னோடு தமிழில்தான் பேசுவார்.

“சார், ஜனங்க பஸ்ல வர்றாங்க. பஸ்ஸுக்குக் காத்துக்கினு இருக்கறதுலயே பாதி நாள் போவுது” என்றேன்.

“காத்திருக்கறது பயணம் இல்லம்மா. சக்கரம் உருண்டாத்தான் கணக்கு.”

“கியூவுல நிக்கறது மட்டும் கணக்கா சார்?”

“அது ஒரு அனுபவம்மா. இது வெறும் வெயிட்டிங்.”

விளையாட்டுக்குச் சொல்கிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். நிஜமாகத்தான் சொன்னார்.

எங்கள் ஊரிலிருந்து திருப்பதிவரை அளந்தது ஒரு வியாழக்கிழமை. முன் சீட்டில் தலைவர், செல்போனில் டைமரை ஓடவிட்டிருந்தார். சித்தூர் பஸ் ஸ்டாண்டைக் கடக்கும்போது வெளியில் பார்த்தேன். நைனா தூணில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் அம்மா, மடியில் பை. காரில் என் பக்கத்தில் இரண்டு பேர் தாராளமாக உட்காரலாம். “சார், நிறுத்துங்க சார், எங்க அம்மாவும் நைனாவும்” என்று கத்தினேன். டிரைவர் வேகத்தைக் குறைத்துத் தலைவரைப் பார்த்தார்.

“இப்ப நிறுத்தினா அளவு கெட்டுடும்மா” என்றார் தலைவர். கார் போய்விட்டது.

அன்று சாயங்காலம் நைனா போன் செய்தார். “உங்க வண்டிய பாத்தேன். நல்லா ஸ்பீடாத்தான் போவுது” என்று சிரித்தார். ஏன் நிற்கவில்லை என்று அவர் கேட்கவே இல்லை. கேட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

வரைபடம் வந்தது. எங்கள் ஊர் பச்சை வட்டத்தின் ஓரத்தில், ஆனால் உள்ளே. மெஷின்கள் வேறு பக்கம் போயின. வரைபடத்துக்குப் பாராட்டு விழா நடத்தி எல்லாருக்கும் சால்வை போட்டார்கள். எனக்கும்தான். அதை ஹாஸ்டல் அறையில் கால்மிதியாகப் போட்டேன்.

மாம்பழ சீசனில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போனபோது, நைனா முழங்கை வரை சாறு வழிய மாம்பழம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். டயாலிசிஸ்காரர்களுக்கு அது ஆகவே ஆகாது.

“இன்னா நைனா இது! டாக்டர் துன்னக்கூடாதுன்னு சொன்னாரே!”

“இனிமே நான் அங்க போறதா இல்லம்மா. ஊசி குத்திக்கினு படுத்துக் கெடக்கறது கூடப் பரவால்ல. அந்த பஸ் ஸ்டாண்ட்ல ஒக்காந்துக்கினு கீறதுதான் என்னால முடியல.”

கத்தினேன், அழுதேன், வாடகைக் கார் வைக்கிறேன் என்றேன். “எத்தினி நாளைக்கு?” என்று கேட்டுவிட்டு அவர் கொட்டையைச் சப்ப ஆரம்பித்தார். அம்மா இன்னொரு பழத்தை நறுக்கி அவர் தட்டில் வைத்தாள். அவள்மேல் அன்று வந்த கோபம் இன்னும் முழுசாகப் போகவில்லை.

மழை தொடங்குவதற்கு முன்பே நைனா போய்ச்சேர்ந்தார்.

காரியமெல்லாம் முடிந்து வேலைக்குத் திரும்பிய அன்று தலைவர் என்னை அறைக்குக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். தண்ணீர் கொடுத்தார். கெட்ட மனிதர் இல்லை, அதுதான் என் வயிற்றெரிச்சல். அவர் கண்கூடக் கலங்கியிருந்தது.

“எல்லாத்தையும் காலம்தாம்மா ஆத்தும்” என்றார்.

தம்ளரை மேஜைமேல் வைத்தேன்.

“எவ்ளோ நேரம் ஆவும் சார்?” என்று கேட்டேன். “வெயிட்டிங்க சேத்தா, சேக்காமலா?”