வேப்பனப்பள்ளிக்குப் போன திமிங்கில விலா எலும்பு

காலை ஆறரை மணிக்குச் சேலத்தில் கிருஷ்ணகிரி பஸ் புறப்பட்டது. தூத்துக்குடியிலிருந்து இரண்டு ரயில் மாறி வந்ததில் என் தூக்கம் போயிருந்தது. கோணிப்பை போகவில்லை, அதுவரைக்கும் சந்தோஷம். பையின் நீளம் மூன்றரை அடி. உள்ளே இருந்தது திமிங்கிலத்தின் விலா எலும்பில் ஒரு துண்டு. பஸ்ஸின் கூரையில் அதை ஏற்றிக் கட்டிய ஆள், கையை வேட்டியில் இரண்டு முறை துடைத்துக்கொண்டான். நாற்றம் அப்படி.

எழுபது மைலுக்கு டிக்கெட் இரண்டு ரூபாய் எட்டணா. தொப்பூர் கணவாயில் எஞ்சின் கொதித்து நின்றுவிட்டது. டிரைவர் தண்ணீர் ஊற்றி முடிக்கும்வரை நாங்கள் புளியமரத்தடியில் நின்றோம். பஸ் நின்ற நேரத்தில், நான் ஏன் இந்த எலும்பைத் தூக்கிக்கொண்டு அலைகிறேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன்.

வடிவு என் தங்கை. வேப்பனப்பள்ளியில் மாந்தோப்பு வைத்திருக்கும் குடும்பத்தில் அவளைக் கட்டிக் கொடுத்து மூன்று வருஷமாகிறது. போன புதிதில், அவளுக்குப் பத்து வயதாக இருந்தபோது பார்த்த ஒரு காட்சியைப் புகுந்த வீட்டில் சொல்லியிருக்கிறாள். எங்கள் அப்பா சரக்குத் தோணியில் மேஸ்திரி. ஒரு முறை எங்கள் இருவரையும் ராமேஸ்வரத்துக்குத் தோணியில் அழைத்துப் போனார். நடுவழியில் குட்டியோடு வந்த ஒரு தாய்த் திமிங்கிலத்தைப் புலிச்சுறாக்கள் நாலைந்து வளைத்துக்கொண்டன. திமிங்கிலம் குட்டியைத் தோணிப் பக்கமாக ஒதுக்கிவிட்டு, கடிபட்டுக்கொண்டே வாலால் அடித்துச் சுறாக்களை விரட்டிவிட்டுத் தப்பிப் போனதாம். இதைக் கேட்டு அந்த ஊரே சிரித்தது. அன்றிலிருந்து யார் அளந்துவிட்டாலும் ‘இது வடிவோட மீனு’ என்பதுதான் அங்கே பேச்சு.

முதலில் அவளும் சேர்ந்துதான் சிரித்தாள். போன மாதம் எழுதிய கடிதத்தில் சிரிப்பு இல்லை. ‘சினைப்பசுவுக்குக் காய்ச்சல் என்று நான் சொன்னேன். திமிங்கிலக்காரி பேச்சு என்று சிரித்தார்கள். மூன்றாம் நாள் பசு போய்விட்டது. அண்ணே, இந்த வீட்டில் என் வாய்க்கு மதிப்பில்லை. நீயும் அன்று தோணியில் இருந்தாய். வந்து ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போ’ என்று எழுதியிருந்தாள். அதைப் படித்துவிட்டு எனக்குச் சோறு இறங்கவில்லை. எங்கள் கடற்கரையில் ஒதுங்கிய ஒரு திமிங்கிலத்தின் எலும்புகளைப் பிரித்து விற்றுக்கொண்டிருந்தார்கள். அதில் சுறாப்பல் ஒன்று முறிந்து உள்ளேயே பதிந்திருந்த துண்டை இரண்டு ரூபாய்க்கு வாங்கிக் கோணியில் சுற்றிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

பத்தே முக்காலுக்குக் கிருஷ்ணகிரி. கோட்டை மலைக்குக் கீழே கண்ட இடமெல்லாம் மாம்பழம். வைகாசி மாதத்தில் அந்த ஊருக்குள் மூக்கை வைத்துக்கொண்டு போகிறவன் பாக்கியசாலி. என் பையின் நாற்றம்கூட அங்கே தோற்றுப் போயிற்று.

வேப்பனப்பள்ளி பஸ் பதினொன்றே காலுக்கு. பன்னிரண்டு மைல், ஏழணா. கண்டக்டர் ஒல்லியான மனிதர், பென்சிலைக் காதில் சொருகியிருந்தார். பையைத் தட்டிப் பார்த்தார்.

“என்னாங்க இது, கருவாடா?”

“எலும்பு.”

“யாரோடது?” என்று இரண்டடி பின்னால் போனார்.

திமிங்கிலத்துடையது என்றதும் லக்கேஜுக்கு நாலணா போட்டார். “மனுஷ எலும்பா இருந்தா நான் சும்மாவே உட்டுருப்பேன், போலீஸு பாத்துக்கும்” என்றார். பஸ் முழுக்கச் சிரிப்பு.

அவர் வாய் முகூர்த்தம், நாலு மைலில் மதுவிலக்குப் போலீஸ் கைகாட்டி நிறுத்தியது. மைசூர் எல்லை பக்கத்தில்தான். நீளமான மூட்டை என்றால் அவர்களுக்குச் சாராய டின்தான் ஞாபகம் வரும். ஏட்டு பையை அவிழ்த்தார், மூடினார், மறுபடி அவிழ்த்தார்.

“இந்த மிருகம் ஆனையவிடப் பெருசா?”

“பத்து ஆனை தேறும்.”

“இதயும் கடிக்கறது ஒண்ணு இருக்குதா?” என்று பல்லைத் தொட்டுப் பார்த்தார். “உங்க ஊருல எப்படிங்க குளிக்கிறீங்க?” என்று கவலையோடு கேட்டுவிட்டு வழிவிட்டார்.

பன்னிரண்டரைக்கு ஊர். வடிவு ரோட்டுக்கே ஓடி வந்தாள். இளைத்திருந்தாள். “வந்துட்டியாண்ணே!” என்று என் கையைப் பிடித்துக்கொண்டவள், பையை மோந்து பார்த்து அப்படியே நின்றுவிட்டாள். “நம்மூர் வாசம்லா இது!” என்றாள். கண் கலங்கிவிட்டது அவளுக்கு. எனக்கும்தான், மறைப்பானேன்.

மாப்பிள்ளை மாம்பழ லோடோடு பெங்களூர் போயிருந்தார். அவள் மாமனார் கிருஷ்ணப்பா, “வாங்க தம்பி, மொதல்ல சாப்புடுங்க, மீனப் பத்தி அப்பால பேசலாம்” என்று கண்ணைச் சிமிட்டினார். கேழ்வரகுக் களியும் கொள்ளுச் சாறும். களியை மென்று தின்ற என்னைப் பார்த்து வீட்டில் எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அதை உருட்டி விழுங்க வேண்டுமாம். அதன்மேல் நாலு மாம்பழம். அடடா, அந்த மாம்பழத்துக்காகவே இன்னொரு தங்கை இருந்தால் அங்கேயே கொடுத்திருப்பேன்.

மூன்று மணிக்குக் கொட்டகைப் பக்கம் போனோம். அங்கே ஒரு ஜோடிக் காளைகள் கட்டியிருந்தன. அஞ்செட்டிக் காட்டிலிருந்து விற்பதற்காக ஆறு நாள் நடத்திக் கொண்டுவந்தவர் கெம்பம்மா என்ற நடுத்தர வயது அம்மாள். அந்தப் பக்கம் பஸ் அரிது. மாட்டு விஷயத்தில் அவர் சொன்னால் கிருஷ்ணப்பாவுக்கு அதற்குமேல் பேச்சில்லை. பத்து வருஷமாக அவரிடம்தான் காளை வாங்குகிறார். வடிவு ஏதோ சொல்ல வாயெடுத்தாள். “வலத்து மாடு காலையிலேர்ந்து சரியா தின்னலை மாமா...” கிருஷ்ணப்பா காதிலேயே வாங்கவில்லை.

நான் எலும்பை எடுத்துக் கல்மேல் வைத்தேன். சுற்றிலும் இருபது பேர் கூடிவிட்டார்கள். நடுவில் முக்கோணமாகப் பல், ஓரமெல்லாம் கருக்கரிவாள்போல் ரம்பக் கூர்.

“சுறா திமிங்கிலத்தைக் கடிக்கும். இதோ சாட்சி” என்றேன், வக்கீல் கணக்காக.

கிருஷ்ணப்பா நிதானமாகப் பார்த்தார். “கடிச்சிருக்குது, ஒத்துக்கறேன். ஆனா தம்பி, செத்த மாட்டக்கூட நாயி நரி இழுக்குது. செத்து மெதந்ததக் கடிச்சிருக்கும். கடிபட்டுத் தப்பிச்சுதுன்னு உங்க தங்கச்சி சொல்றாளே, அது எங்க?”

நான் எலும்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். இதில் இன்னொரு வில்லங்கமும் இருந்தது. அன்று தோணியிலிருந்து பார்த்த திமிங்கிலம் செத்தது என்றே நான் இத்தனை வருஷமும் ஊரில் சொல்லிவந்தேன். தப்பியது என்பது வடிவு ஒட்டவைத்த வால் என்றுதான் நினைத்திருந்தேன். அவளுக்காக வாதாட வந்தவன் நான், இந்த லட்சணத்தில்! வடிவு என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

அப்போதுதான் கெம்பம்மா உட்கார்ந்து, கண்ணை மூடிக்கொண்டு, பல்லைச் சுற்றி விரலால் தடவினார். “நோடண்ணா”, பாரண்ணா என்று கன்னடத்தில் ஆரம்பித்தவர், எனக்காகத் தமிழுக்கு மாறினார்.

“கைய வெய்யண்ணா. பல்லச் சுத்தி எலும்பு வீங்கி வழவழன்னு மூடிக்கினு இருக்குது பாரு. செத்ததக் கடிச்சா கீறலு கூரா நிக்கும், கை அறுக்கும். எங்க செவலக் காளைய சிறுத்த கடிச்சுது. அது தப்பிச்சு ஏழு வருசம் ஏரு ஓட்டுச்சு. கெழடாகிச் செத்தப்பறம் பாத்தா, அந்த எலும்பு இப்படித்தான் முண்டு கட்டியிருந்துச்சு. எலும்பு வளரணும்னா உசுரு வேணுமில்ல? இது கடிபட்டு, தப்பிச்சு, வருசக்கணக்கா பொழச்சிருக்குது.”

கிருஷ்ணப்பா தடவிப் பார்த்தார். மறுபடி தடவினார். பிறகு துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, எல்லோர் முன்னாலும் மருமகளைப் பார்த்தார்.

“வடிவு, மறுக்கா சொல்லும்மா அந்தக் கதைய. இந்த வாட்டி யாரும் சிரிக்கமாட்டோம்.”

சொன்னாள் பாருங்கள்! கொட்டகையே தோணியாகிவிட்டது. ஒரு சுறா எதிரில் நின்று பார்த்துக்கொண்டிருக்க, மற்றவை அடியிலிருந்து மாற்றி மாற்றிப் பாய்ந்ததையும், குட்டி தோணியில் உரசி நின்றதையும், தாயின் வால் விழுந்த அடியில் தோணிப் பாயெல்லாம் நனைந்ததையும் கையை வீசி வீசிச் சொன்னாள். “எங்க காட்டுச் செந்நாயும் இப்படித்தான்! ஒண்ணு மறிக்கும், மத்ததுங்க பின்னால கவ்வும்” என்று கெம்பம்மா தொடையில் தட்டினார். குட்டி தாயோடு சேர்ந்த இடத்தில் பெண்களெல்லாம் ‘அப்பாடா’ என்றார்கள். மூன்று வருஷத்துக் கதையை ஒரு மணி நேரத்தில் கொட்டித் தீர்த்து அவள் சிரித்த சிரிப்பில் எனக்கு வயிறு நிறைந்துவிட்டது.

முடிந்ததும் கிருஷ்ணப்பா மெல்லக் கேட்டார். “வலத்து மாட்டப் பத்தி என்னமோ சொன்னியே, என்னா அது?”

வடிவு சொன்னாள். கெம்பம்மா மாட்டின் வாயைத் திறந்து பார்த்து, “பொண்ணு சொல்றது நெசம்தான், நாக்குல புண்ணு. நானே பாக்கல” என்று தலையில் அடித்துக்கொண்டார். புண் ஆறும்வரை அவர் காளைகளோடு அங்கேயே தங்குவதென்று முடிவாயிற்று. வைத்தியம் வடிவின் பொறுப்பு. எலும்பைக் கொட்டகை வாசலில் கட்டித் தொங்கவிட்டார்கள்.

மறுநாள் காலை எட்டு மணி பஸ்ஸுக்கு வடிவு கூடையில் மாம்பழத்தோடு வந்தாள். ராத்திரியெல்லாம் நெஞ்சை உறுத்தியதைச் சொல்லிவிட்டேன்.

“ஏட்டி, ஒண்ணு சொல்லணும். அன்னிக்கு நான் கடைசி வரைக்கும் பாக்கலை. பயத்துல கண்ண மூடிக்கிட்டேன். அதான் செத்துட்டுதுன்னு சொல்லிட்டுத் திரிஞ்சேன்.”

“தெரியும்ணே” என்றாள். “பாய்க்கு அடியில தலைய மூடிக்கிட்டுக் கிடந்தத நான் பாத்தேம்லா. இந்நாள் வரைக்கும் யார்ட்டயும் சொல்லலை.”

அவள் மறுபடி சிரித்தாள். நான் கூடையை வாங்கிக்கொண்டு பஸ்ஸில் ஏறினேன்.

பஸ்ஸில் அதே கண்டக்டர். ஏழணா வாங்கிக்கொண்டு, கூடையை மட்டும் பிடித்திருந்த என் கையைப் பார்த்தார். “எலும்ப எங்கங்க காணோம்?”

“தங்கச்சி வீட்டுல இருக்கு.”

“நேத்தெல்லாம் அதே நெனப்புங்க எனக்கு. கடிபட்ட மீனு என்னா ஆச்சு, செத்துப் போச்சா?”

“தப்பிச்சிட்டுது.”

“நீங்க பாத்தீங்களா?”

“நான் பாக்கலை. என் தங்கச்சி பாத்தா” என்றேன்.