டாக்டர் எசியிடமிருந்து நாம் பிடுங்கிய அறை

ஊதா முட்டைகோஸை வேகவைத்தால் ஒரு வாசனை வரும். நல்ல வாசனை என்று சொல்ல முடியாது. அமெரிக்காவில், பிளெய்ன்ஸ்பரோவில் எங்கள் அபார்ட்மென்ட் கிளப்ஹவுஸ் முழுக்க ஞாயிற்றுக்கிழமை காலையில் அதுதான் நிறைந்திருக்கும். கூடப் படிக்க வரும் நிகில் மூக்கைப் பொத்திக்கொண்டுதான் உள்ளே வருவான். எனக்குப் பிடித்திருந்தது. டாக்டர் எசி வந்துவிட்டார் என்று அர்த்தம்...

உங்களில் சிலர் அந்த அறையில் இருந்தவர்கள். மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். டாக்டர் எசி கானா நாட்டுக்காரர். மண்ணை ஆராய்ந்து டாக்டர் பட்டம் வாங்கியவர். அவர் படித்த காலத்தில் அந்த வகுப்பில் வேறு பெண்ணே கிடையாது. பிறகு பல வருடம் ரேடியோவில் பிள்ளைகளுக்கு அறிவியல் சொன்னார். அவர் சொல்லச் சொல்ல, பிள்ளைகள் ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்து வாசல் மண்ணைத் தண்ணீரில் கரைத்துப் பார்ப்பார்களாம்.

ஓய்வு பெற்று மகன் குடும்பத்தோடு எங்களுக்கு இரண்டு பில்டிங் தள்ளிக் குடியிருந்தார். எசி என்றால் அவர்கள் ஊரில் ஞாயிற்றுக்கிழமை பிறந்தவள். அதனால் வகுப்பும் ஞாயிற்றுக்கிழமை.

அவருக்கு ஒரே சட்டம். "முதலில் பார்த்ததைச் சொல். நினைத்ததை அப்புறம் சொல்லலாம்."

முட்டைகோஸ் வேகவைத்த தண்ணீரில் புளிப்பானது எதை விட்டாலும் நிறம் மாறும். நிகில் கிண்ணத்தைப் பார்க்காமலே "ஆசிட்" என்பான். "பார்த்தாயா, நினைத்தாயா?" என்று கேட்பார். எல்லோரும் சிரிப்போம். அவனும் சிரிப்பான்.

நான் அப்போதுதான் கோவையிலிருந்து வந்திருந்தேன். ஆங்கிலம் தொண்டையிலேயே நின்றுவிடும். அவர் என்னை ஒருநாளும் எழுந்து பேசச் சொல்லவில்லை. வீட்டிலிருந்து நிறம் மாறுகிற பொருள் ஒன்று கொண்டுவரச் சொன்னபோது, காகிதத்தில் மஞ்சள் பூசிக் கொண்டுபோனேன். சோப்புத் தண்ணீரைத் தொட்டு வைத்தேன். சிவந்தது. சாம்பார் கறை பட்ட சுடிதாரைத் துவைக்கும்போது பார்த்திருந்தேன், அவ்வளவுதான்.

நாற்காலியை என் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டு, "இன்னொரு தரம் செய்" என்றார். செய்தேன். "இது எனக்குத் தெரியும். ஆனால் உனக்கு யாரும் சொல்லித்தரவில்லை, நீயே பார்த்திருக்கிறாய். விஞ்ஞானி செய்கிற வேலை இதுதான்" என்றார்.

என்னைப் பார்த்து யாரும் அப்படி ஒரு வார்த்தை சொன்னதில்லை. அதற்குப் பிறகும் சொல்லவில்லை.

அப்புறம் பெரியவர்கள் ஆரம்பித்தார்கள். நிகிலின் அப்பா பாஸ்கர் அங்கிள் வகுப்பு முடித்தால் பிள்ளைகளுக்குச் சர்டிஃபிகேட் உண்டா என்று அவரிடம் கேட்டார். இல்லை என்று சிரித்தார் டாக்டர் எசி. பார்க்கிங்கில் வந்து அங்கிள் தமிழில் சொன்னது எனக்கு அப்படியே நினைவிருக்கிறது.

"சர்டிஃபிகேட் கெடையாதாம். காலேஜ் அப்ளிகேஷன்ல என்னன்னு போடறது, முட்டைகோஸ் வேக வெச்சான்னா? அதுவும் ஆப்பிரிக்கால வாங்கின பிஎச்டி... நம்ம ஊரு பிளஸ் டூ தேறுமா?"

"கைல கெமிக்கல் வேற குடுக்கறாங்க பாஸ்கர்" என்றார் ஓர் ஆன்ட்டி.

அது புளித்தண்ணீர். அந்த ஆன்ட்டி வீட்டிலிருந்தே வந்த புளி.

அடுத்த மாதம் அபார்ட்மென்ட் ஆபீஸில் சொல்லி அதே அறையை, அதே நேரத்துக்கு, ரோபாட்டிக்ஸ் கோச்சிங்குக்கு வாங்கிவிட்டார்கள். டாக்டர் எசியிடம் யாரும் சொல்லவில்லை. அவர் பாத்திரத்தோடு வந்து நின்றபோது உள்ளே அங்கிள் நாற்காலி போட்டுக்கொண்டிருந்தார். "ஸாரி டாக்டர், ரெசிடென்ட்ஸ் டிசிஷன்" என்றார்.

டாக்டர் எசியும் அங்கே வாடகை கொடுத்துக் குடியிருந்த ரெசிடென்ட்தான்.

சூடு ஆறாத பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு டென்னிஸ் கோர்ட் பக்கத்து பிக்னிக் மேசைக்குப் போனார். பின்னால் போனது மூன்று பேர். குளிர் வரும்வரை அங்கேதான் நடந்தது. அப்புறம் மகனுக்கு டெக்சஸில் வேலை கிடைத்து, போய்விட்டார்கள்.

இப்போது ஏன் இதையெல்லாம் எழுதுகிறேன்... கானாவில் பிள்ளைகளுக்கான அறிவியல் கூடம் ஒன்றுக்கு அவர் பெயர் வைக்கப்போகிறார்கள். போன வாரம் செய்தி வந்ததுமே நம் வாட்ஸாப் குழுவில் பாஸ்கர் அங்கிள், "ப்ரவுட் மொமென்ட், நம்ம பிள்ளைகளின் மென்டர்" என்று போட்டார். வரும் ஞாயிறு ஜூமில் அவருக்குப் பாராட்டு விழா. வரவேற்புரை நிகில். இந்த வருடம் அவனுக்குக் காலேஜ் அப்ளிகேஷன். உரையும் குழுவில் வந்துவிட்டது. "எங்கள் சமூகம் அவருக்கு ஓர் அறையைக் கொடுத்தது" என்று இருக்கிறது.

அதோடு அம்மாவுக்கு அங்கிளின் போன்.

"தப்பா எடுத்துக்காதீங்க. பொண்ணு ஸ்கூல டிராப் பண்ணிருச்சில்ல... விழாவுல போடற பழைய கிளாஸ் போட்டோவ பாத்து யாராவது இது என்ன பண்ணுதுன்னு கேட்டா ஆக்வர்டா இருக்கும். ஓரத்துலதான நிக்குது, கிராப் பண்ணிக்கறோம்."

அம்மா யாரிடமும் எதிர்த்துப் பேச மாட்டாள். அன்றைக்குப் பேசினாள். "ஓரத்துல நிக்கலீங்க, அவங்க பக்கத்துல நிக்குது. அவங்க கை எம்புள்ள தோள்ல இருக்குது. கையையும் சேத்து வெட்டிப்போடுவீங்களா?"

வெட்டிவிட்டார்கள். குழுவில் வந்த படத்தில் டாக்டர் எசியின் கை முழங்கையோடு நிற்கிறது.

ஆமாம், பதினொன்றாம் வகுப்பில் பள்ளியை விட்டேன். எழுந்து நின்று பேசச் சொல்லும் நாட்களில் காலையிலேயே வாந்தி வரும். இப்போது டேகேரில் வேலை செய்கிறேன். அதை ஏன் மறைக்க வேண்டும் என்று எனக்குப் புரியவில்லை. மறைக்க வேண்டியது அவர்களிடம் இருக்கிறது.

நேற்று கிளப்ஹவுஸ் பக்கம் போனேன். ரோபாட்டிக்ஸ் ஒரு கோடையைக்கூடத் தாண்டவில்லை. அறை பூட்டிக் கிடக்கிறது. கண்ணாடியில் முகம் வைத்துப் பார்த்தேன்... நாற்காலிகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி வைத்திருக்கிறார்கள். கார்ப்பெட் கிளீனர் வாசனை மட்டும் கதவிடுக்கில் வந்தது.

அந்த அறையில் இருந்தவர்களே, ஞாயிற்றுக்கிழமை அறையைக் கொடுத்தோம் என்கிற அந்த வரியை நிகில் படிக்கும்போது யாராவது மைக்கைத் திறந்து நடந்ததைச் சொல்லுங்கள். நன்றிக்கு முன்னால் அவருக்கு ஒரு மன்னிப்பு வரவேண்டும்.

யாரும் சொல்லாவிட்டால் நான் சொல்வேன். குரல் நடுங்கும். நடுங்கினாலும், அது நான் பார்த்தது.